ஆமை வரைந்த கடல் சாமந்தி

அந்த அனிமேஷன் ஸ்டுடியோவில் யாருக்கும் சொந்தப் பெயர் நிலைத்ததில்லை. வேலைக்குச் சேர்ந்த ஒரு வாரத்துக்குள் ஏதாவது ஒரு பட்டப்பெயர் வந்து ஒட்டிக்கொள்ளும். அதன் பிறகு சம்பளச் சீட்டில் மட்டும்தான் பெற்றவர்கள் வைத்த பெயர். மற்றவர்கள் ஒரு நாளைக்கு நாலு விநாடிப் படம் வரைந்தால் இந்தக் கதையில் வரும் மனிதர் இரண்டு விநாடி வரைவார், ஆகையால் ஆமை. சின்னவர்கள் மரியாதை கொடுப்பதாக நினைத்துக்கொண்டு ஆமை சார் என்பார்கள், அது இன்னும் மோசம். வேறு யாராவது என்றால் கோபித்துக்கொண்டிருப்பார்கள். இவருக்குக் கோபம் கிளம்பி வந்து சேர்வதற்குள் அந்த வாரமே முடிந்துவிடும்.

அவர் மனைவிக்கு மிளகாய் என்று பெயர். அதே ஸ்டுடியோவில் வண்ணப் பிரிவுக்குத் தலைவியாக இருந்தவள். கடலுக்குப் பச்சை கொஞ்சம் கூடிப்போனால், "இந்தக் கடலுக்கு மஞ்சள்காமாலையா? டாக்டர்கிட்ட காட்டினியா?" என்று எல்லார் முன்னாலும் கேட்பாள். அவளிடம் வாங்கிக் கட்டிக்கொண்டு கழிப்பறையில் போய் அழுத ஆண்கள் உண்டு. அழுதுவிட்டு வந்து அவள் சொன்ன நிறத்தைத்தான் போடுவார்கள், ஏனென்றால் அவள் சொன்னது சரியாக இருக்கும். கல்யாணத்தைப் பேசி முடித்ததும் அவள்தான். "ஆமை புகுந்த வீடு உருப்படாதுன்னு சொல்வாங்க. உருப்படுதா இல்லையான்னு பார்த்துடலாம்" என்றாள். பிள்ளைகள் இல்லை என்ற ஒரு குறையைத் தவிர வீடு நன்றாகவே உருப்பட்டது. இருபத்திரண்டு வருடம்.

அதில் கடைசி மூன்று வருடத்தைத் தனியாகச் சொல்ல வேண்டும். மிளகாயின் முதுகுத்தண்டில் ஒரு கட்டி வந்தது. கட்டியை எடுத்தார்கள், கூடவே இரண்டு கால்களிலும் அசைவு போயிற்று, வலது கையில் பாதியும் போயிற்று. மருத்துவமனையிலிருந்து வீட்டுக்கு வந்த முதல் நாளே அவள் ஆமையிடம் கையை நீட்டச் சொல்லிச் சத்தியம் வாங்கினாள்.

"ஆபீஸ்ல ஒருத்தரும் என்னை இப்படிப் பார்க்கக் கூடாது. அவங்களுக்கு நான் மிளகாயாவே இருந்துட்டுப் போறேன். ஐயோ பாவம்னு ஒருத்தி பார்த்தாலும் எனக்கு உயிர் போயிடும்."

ஆமை சத்தியம் செய்தார். பொய் சொல்லத் தெரியாத மனிதர், மூன்று வருடம் வாய் கூசாமல் சொன்னார். "வாக்கர் வச்சு நடக்கறா. இந்த ஞாயிற்றுக்கிழமை வராதீங்க, தங்கச்சி வீட்டுக்குப் போயிருக்கா." யாருக்கும் சந்தேகம் வரவில்லை, ஏனென்றால் போனில் மிளகாய் அப்படியே இருந்தாள். ஸ்டுடியோவில் நிறத்தில் ஏதாவது சிக்கல் என்றால் அப்போதும் அவளுக்குத்தான் போன் வரும். படத்தை அவளுக்கு அனுப்பிவிட்டு, காதிலிருந்து போனைக் கொஞ்சம் தள்ளிப் பிடித்துக்கொள்வார்கள். அரை மணி நேரம் திட்டுவாள். அவர்களும் பதிலுக்கு மல்லுக்கு நிற்பார்கள். போனை வைத்த பிறகு அவள் முகத்தில் ஒரு நிறம் வரும். ஆமை அடுப்படியிலிருந்து எட்டி எட்டிப் பார்ப்பார். வீடு ஸ்டுடியோவுக்கு அடுத்த தெருதான், பகலிலும் இரண்டு தடவை வந்து அவளைக் கவனித்துவிட்டுப் போவார்.

தினமும் காலை ஏழு மணிக்கு அவளைக் கட்டிலிலிருந்து சக்கர நாற்காலிக்கு மாற்ற வேண்டும். அசையாத கால்கள் என்று பெயர்தானே தவிர, தூங்கி எழுந்ததும் இரண்டும் கட்டையாக விறைத்து ஒன்றையொன்று கவ்விக்கொள்ளும். பிடித்து இழுத்தால் இன்னும் இறுகும். வீட்டுக்கு வந்து பயிற்சி கொடுத்தவர் இழுத்தபோது அவள் போட்ட சத்தத்தில் அந்த ஆள் மறுநாள் வரவே இல்லை. ஆமை தானாக ஒரு வழி கண்டுபிடித்தார். முழங்காலுக்குப் பக்கத்தில் விரல் நுனியால் மெல்ல நாலு தட்டு. நிறுத்தம். மறுபடி நாலு தட்டு. பன்னிரண்டாவது தட்டிலோ பதினாறாவது தட்டிலோ தசை பிடியை விடும். விட்டதும் அவள் இடது கையை அவர் கழுத்தில் போடுவாள், அவர் தூக்குவார். அவசரமே தெரியாத ஒரு மனிதனால் மட்டும் முடிகிற வேலை அது. "உன் மந்தத்துக்கும் ஒரு உபயோகம் இருக்கு பாரு" என்பாள்.

அப்போதுதான் ஸ்டுடியோவில் அந்தக் கடல் படம் தொடங்கியது. ஏழு நிமிடக் குறும்படம். இயக்குநர், வண்ணப் பிரிவில் மிளகாயிடம் திட்டு வாங்கி வளர்ந்த பெண். கதை சின்னது. ஒரு துறவி நண்டு இருக்கிறது. அதற்குச் சொந்த ஓடு கிடையாது, காலியாகக் கிடக்கும் சங்குக்குள் புகுந்து வாழ்கிறது. அந்தச் சங்கின் மேல் ஒரு கடல் சாமந்தி ஒட்டிக்கொண்டிருக்கிறது. பார்க்கப் பூ, உண்மையில் பிராணி, தொட்டால் விஷம். நண்டு அதை நாலு இடம் சுமந்து போகிறது. ஆக்டோபஸ் நண்டைத் தின்ன வரும்போது சாமந்தி கொட்டி விரட்டுகிறது. நண்டுக்குக் கால் உண்டு, விஷம் இல்லை. சாமந்திக்கு விஷம் உண்டு, கால் இல்லை. அவ்வளவுதான் கதை.

"சந்நியாசி பூனை வளர்த்த கதை கேள்விப்பட்டிருக்கேன். இதென்னடி, சந்நியாசி பூ வளர்த்த கதை?" என்றாள் மிளகாய் போனில்.

"பூ இல்லக்கா. அடியாள்."

"அப்படின்னா இளஞ்சிவப்பு அடிச்சு வைக்காத. அடியாளுக்கு எதுக்கு இளஞ்சிவப்பு? கொஞ்சம் கருஞ்சிவப்பு சேரு."

நண்டு வளர்ந்துவிடுகிறது, சங்கு போதவில்லை, வேறு சங்குக்கு மாற வேண்டும். மாறும்போது சாமந்தியை விட்டுவிட்டுப் போகாமல், தட்டித் தட்டிப் பழைய சங்கிலிருந்து பெயர்த்து, புதுச் சங்கின் மேல் வைத்துக்கொள்கிறது. கடலில் நிஜமாகவே அப்படிச் செய்யும் நண்டுகள் உண்டு. படத்தில் அது முப்பத்தோராவது ஷாட், அது ஆமைக்கு வந்தது. மூன்று தடவை வரைந்தார். மூன்று தடவையும் இயக்குநர் திருப்பி அனுப்பினாள்.

"பாரம் தெரியலை சார். காகிதப்பூவை எடுத்து வைக்கற மாதிரி இருக்கு. சாமந்தி விடறதுக்கு யோசிக்கணும், நண்டு காத்திருக்கணும்."

இந்தத் தொழிலில் ஒரு வழக்கம் உண்டு. வரைய வேண்டிய அசைவைத் தாங்களே செய்து, போனில் வீடியோ எடுத்துவைத்துக்கொண்டு, அதைப் பார்த்து வரைவார்கள். அதனால் அந்த நடைவழியில் எந்த நேரமும் ஒரு பைத்தியக்காரத்தனம் நடந்துகொண்டிருக்கும். தொந்தியுள்ள ஒருவர் கடல்குதிரையாக நிமிர்ந்து மிதந்து போவார், இன்னொருவர் தரையில் படுத்து எட்டுக் கையைத் தேடுவார். ஆமையும் தலையணையைத் தூக்கிப் பார்த்தார், தண்ணீர்க் கேனைத் தூக்கிப் பார்த்தார். தலையணை யோசிக்கவில்லை.

மறுநாள் காலை ஏழு மணிக்கு, பன்னிரண்டாவது தட்டில் மிளகாயின் கால் தளர்ந்தபோது, தான் தேடுவது தன் கையிலேயே இருப்பது அவருக்குத் தெரிந்தது. அதற்கு அடுத்த நாள் போனை அலமாரியில் துணிக்கு நடுவே சாய்த்து வைத்துவிட்டு அவளைத் தூக்கினார். அவளிடம் சொல்லவில்லை. சொன்னால் ஒத்துக்கொள்ள மாட்டாள் என்று தெரியும். தெரிந்ததால்தான் சொல்லவில்லை. மனிதர் நல்லவர்தான், ஆனால் இந்த இடத்தில் அவருக்காகப் பேச எனக்கு வாய் வரவில்லை.

அவர் மனதில் ஒரு கணக்கு இருந்தது. தன் கண் மட்டும் பார்க்கும், வரைந்து முடித்ததும் அழித்துவிடலாம். புதன்கிழமை முழுக்கப் போனிலேயே பார்த்து வரைந்தார். திரை சின்னது, ஐம்பத்து மூன்று வயதுக் கண், எரிய ஆரம்பித்தது. வியாழக்கிழமை வீடியோவைத் தன் கம்ப்யூட்டருக்கு மாற்றினார். முப்பது வருடக் கைப்பழக்கம். எந்தக் கோப்பானாலும் ஷாட் எண்ணைப் பெயராக வைத்து அந்த ஷாட்டின் ஃபோல்டரில் போடுகிற கை, முப்பத்தொன்று என்று பெயர் வைத்து முப்பத்தொன்றாம் ஃபோல்டரில் போட்டது. தவளை தன் வாயால் கெடும் என்பார்கள். ஆமை கையால் கெட்டது.

வெள்ளிக்கிழமை நாலு மணிக்கு எல்லாரும் சின்ன அரங்கில் உட்கார்ந்து அதுவரை ஆன படத்தைப் பார்ப்பார்கள். எடிட்டர் ஒவ்வொன்றாகத் தேடி எடுப்பதில்லை. ஒவ்வொரு ஃபோல்டரிலும் கடைசியாக வந்து விழுந்தது எதுவோ, முடிந்த படமோ பென்சில் கோடோ தொந்தி குலுங்கும் கடல்குதிரையோ, அதை எடுத்து வரிசையாக ஒட்டும்படி கம்ப்யூட்டருக்குச் சொல்லி வைத்திருந்தாள். அப்படித்தான் வாராவாரம் நடக்கும், எல்லாருக்கும் தெரியும். ஆமைக்கும் தெரியும்.

இருபத்தொன்பதாம் ஷாட்டில் நண்டு பெரிய சங்கைக் கண்டது. முப்பதில் அதற்குள் எட்டிப் பார்த்தது. அடுத்து ஒரு படுக்கையறை வந்தது. பனியன் போட்ட ஒருவரின் முதுகு. அவர் ஒரு பெண்ணின் முழங்காலைத் தட்டுகிறார், நிறுத்துகிறார், தட்டுகிறார். கட்டிலோரம் சிறுநீர்ப் பை பாதி நிறைந்து தொங்குகிறது. பெண் இடது கையை அவர் கழுத்தில் போடுகிறாள், அவர் தூக்குகிறார், அவர் தோளுக்கு மேலே அவள் முகம் வருகிறது. ஒட்ட வெட்டிய நரைமுடி, வலியில் திறந்த வாய். அரங்கில் யாரும் சிரிக்கவில்லை. நிறுத்துங்கள் என்று சொல்ல ஆமை எழுந்தார். அவர் எழுந்து நிற்பதற்குள் முப்பத்திரண்டாம் ஷாட் வந்து, நண்டு மணலில் நடந்துகொண்டிருந்தது.

விளக்கு போட்டபோது இயக்குநர் அழுதுகொண்டிருந்தாள்.

"அக்காவா சார் அது?"

அவரால் பொய் சொல்ல முடியவில்லை. தலையை மட்டும் அசைத்தார்.

அந்த அரங்கில் ஒரு கெட்டவர்கூட இல்லை என்பதுதான் இதில் பெரிய கஷ்டம். ஒருவராவது கேலி செய்திருந்தால் ஆமை அவரோடு சண்டை போட்டு மனதை ஆற்றிக்கொண்டிருப்பார். எல்லாரும் அவர் தோளைத் தொட்டுவிட்டுப் போனார்கள். தொந்திக்காரர் கையைப் பிடித்துக்கொண்டு விடவே இல்லை. எடிட்டர் அவர் கண்முன்னாலேயே வீடியோவை எல்லா இடத்திலிருந்தும் அழித்தாள். "வீட்டுல தெரிய வேண்டாம்" என்று அவர் கேட்டார். சரி என்றார்கள், சொன்ன சொல்லைக் காப்பாற்றினார்கள்.

மறுநாள் இயக்குநர் அவரைத் தனியாகக் கூப்பிட்டாள்.

"ராத்திரி பூரா தூக்கமில்லை சார். நாம என்னவோ சண்டைப்படம் பண்ணிட்டு இருந்தோம். இதுதான் படம். ஒருத்தர் இன்னொருத்தரை விட்டுட்டுப் போகாம சுமக்கறது. ஆக்டோபஸ் வர்றது, சாமந்தி கொட்டறது எல்லாத்தையும் எடுத்துடலாம்னு இருக்கேன். நீங்க என்ன சொல்றீங்க?"

ஆமை ஒன்றும் சொல்லவில்லை. வெட்கமும் நன்றியுமாக நின்றார். தன்னை யாரோ நல்லவன் என்று சொல்வதைக் கேட்டு நிற்பது எவ்வளவு சுகம் என்று அவருக்கு அன்றைக்குத்தான் தெரிந்தது. ஒன்பது ஷாட்டுகள் போயின. முப்பத்தொன்றை நாலாவது தடவை வரைந்து கொடுத்தார். திருப்பி அனுப்ப அதில் எதுவும் இருக்கவில்லை.

உலைவாயை மூடலாம், ஊர்வாயை மூட முடியாது என்பார்கள். இங்கே ஊர்வாய் மூடித்தான் இருந்தது, அன்புதான் காட்டிக்கொடுத்தது. திங்கட்கிழமை இயக்குநர் மணல் நிறம் கேட்டுப் போன் செய்தாள். மிளகாய் வழக்கம்போல, "மணலா இது? பத்து நாள் தோய்க்காத துணி மாதிரி இருக்கு" என்று ஆரம்பித்தாள். வழக்கமாக இந்த இடத்தில் அந்தப் பெண், "உங்க கண்ணைத் தோய்ச்சு மாட்டுங்கக்கா" என்று ஏதாவது சொல்ல வேண்டும். அன்றைக்கு, "சரிக்கா. நீங்க சொன்னா சரிதான்" என்றாள். செவ்வாய்க்கிழமை எடிட்டர் திட்டை முழுதாகக் கேட்டுக்கொண்டு, "உடம்பைப் பார்த்துக்கங்கக்கா" என்று போனை வைத்தாள். புதன்கிழமை தொந்திக்காரர் மல்லுக்கு வரவே இல்லை, குரல் தழுதழுத்தது.

அன்று சாயங்காலம் ஆமை வந்து செருப்பைக் கழற்றும்போதே அவள் கேட்டாள்.

"என்னைப் பார்த்துட்டாங்களா?"

அவர் செருப்பைக் கழற்றினபடியே நின்றார். பிறகு எல்லாவற்றையும் சொன்னார், அலமாரி, துணி, ஃபோல்டர் எல்லாம். அவள் குறுக்கே பேசவில்லை. முடிந்ததும் இரண்டு கேள்வி கேட்டாள்.

"எவ்வளவு நேரம்?"

"பதினோரு செகண்ட்."

"பை தெரிஞ்சுதா?"

ஆமை அழுதார். "தெரிஞ்சுது" என்றார்.

அவள் கத்தவில்லை. கத்தியிருந்தால் அவர் பிழைத்துக்கொண்டிருப்பார். "மூணு வருஷமா உன் ஒருத்தன்கிட்ட மட்டும்தான் இப்படி இருந்தேன்" என்றாள். அப்புறம் விளக்கை அணைக்கச் சொன்னாள்.

மறுநாள் காலை ஏழு மணிக்கு அவர் தட்டினார். பதினாறு தட்டு, இருபது, நாற்பது. கால் பிடியை விடவில்லை. நிறுத்திக் காத்திருந்து மறுபடி தட்டினார். அவள் கூரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். வேண்டுமென்று செய்கிறாளா என்று ஒரு கணம் நினைத்தார், பிறகு அப்படி நினைத்ததற்காகத் தன்மேலேயே அருவருப்பு வந்தது. அந்தக் கால்களின் மேல் அவளுக்குத்தான் என்ன அதிகாரம் இருந்தது?

"விடு. இனிமே வராது" என்றாள்.

ஒரு வாரம் உதவிக்கு ஒரு பெண்ணை வைத்துப் பார்த்தார்கள். பிறகு மிளகாயே நாலைந்து இடத்துக்குப் போன் செய்து விசாரித்து, நகரத்தின் மறுகோடியில் ஒரு பராமரிப்பு இல்லத்தில் தனக்கு இடம் பிடித்தாள். ஆமை கெஞ்சினார், சாப்பிடாமல் இருந்து பார்த்தார். "அங்க யாருக்கும் என்னை முன்னாடி தெரியாது. நான் வரும்போதே இப்படித்தான் வந்தேன்னு நினைச்சுப்பாங்க. எனக்கு அது போதும்" என்றாள். வண்டி வந்தது. இரண்டு ஆட்கள், ஒரு தூக்கும் பட்டை, ஒரு நிமிட வேலை. விறைத்த காலோடேயே ஏற்றினார்கள்.

படம் முடிந்து வெளியே போயிற்று. போன இடமெல்லாம் முப்பத்தொன்றாம் ஷாட்டில் ஜனங்கள் மூக்கை உறிஞ்சினார்களாம். ஒரு விழா மேடையில் இயக்குநர் ஆமையைப் பற்றி மட்டும் ஐந்து நிமிடம் பேசினாள். அவர் அந்தக் கூட்டத்துக்குப் போகவில்லை. ஞாயிற்றுக்கிழமைதோறும் இரண்டு பஸ் மாறி இல்லத்துக்குப் போவார். மிளகாய் அவரிடம் மரியாதையாகப் பேசினாள். சாப்பிட்டீங்களா என்றாள், பஸ்ஸில் கூட்டமா என்றாள். இருபத்திரண்டு வருடத்தில் கேட்டிராத அந்த 'நீங்க'வைத் தாங்கிக்கொண்டு அவர் திரும்பி வருவார்.

ஏழாவது ஞாயிற்றுக்கிழமை அவளே கேட்டாள், "படம் இருக்கா?"

ஆமை போனை அவள் முகத்துக்கு நேரே பிடித்துக்கொண்டார். முப்பத்தொன்று வந்தபோது அவளைப் பார்க்கத் தைரியமில்லாமல் சுவரைப் பார்த்தார். படம் முடிந்தது.

"தூக்கறது நல்லா வந்திருக்கு. இதுவரைக்கும் நீ போட்டதுலயே இதுதான்" என்றாள்.

அந்த 'நீ'யைக் கேட்டதும் ஆமை நாற்காலியை அவள் பக்கம் இழுத்துப் போட்டுக்கொண்டார். இன்றைக்கே கூட்டிக்கொண்டு போய்விடலாம் என்று தோன்றியது.

"ஆக்டோபஸ் எங்க?"

"எடுத்துட்டாங்க."

"ஏன்?"

"சுமக்கறது மட்டும் போதும்னு. அந்த வீடியோ பார்த்த பிறகு."

"உன்கிட்ட கேட்டாங்களா?"

"கேட்டாங்க."

"என்ன சொன்ன?"

"ஒண்ணும் சொல்லலை."

அவள் மெதுவாகத்தான் பேசினாள்.

"அப்ப இந்த நண்டு எதுக்கு அதைத் தூக்கிட்டு அலையுது? நல்லவன்கறதாலயா? உன்னை வேலையை விட்டு அனுப்பணும்னு மேனேஜர் மூணு தடவை என்கிட்ட வந்தான். இந்த வேகத்துல வரையறவனை வச்சு நான் என்ன பண்றதுன்னு கேட்டான். உனக்குத் தெரியுமா?"

ஆமைக்குத் தெரியாது.

"தெரியாது. தெரியாமத்தான் பார்த்துக்கிட்டேன். நான் பேசின பேச்சுல அவன் அதுக்கப்புறம் உன் டேபிள் பக்கமே வரலை. இந்த மூணு வருஷமும் யாரு போன் பண்ணினாலும், ஆமையை அவசரப்படுத்தாதீங்கன்னு சொல்லித்தான் வச்சேன். வேற எவன்கிட்டயாவது இதைச் சொன்னா நம்பமாட்டான். சொல்லாட்டியும் நீயாவது தெரிஞ்சு வச்சிருப்பன்னு நினைச்சேன். உன் படத்துல சாமந்தி ஒரு தடவை கூடக் கொட்டலையே."

"வீட்டுக்குப் போயிடலாம், வா" என்றார் ஆமை.

"வந்தா நீ தூக்குவ. நல்லாத் தூக்குவ. எனக்கு அது மட்டும் போதாது."

கதவைத் தள்ளிக்கொண்டு உதவியாளர் பெண் உள்ளே வந்தாள். சின்ன வயது, கையில் உறை மாட்டிக்கொண்டே பேசினாள்.

"சார், கொஞ்சம் வெளிய இருக்கீங்களா? அம்மாவைத் திருப்பிப் படுக்க வைக்கணும்."

ஆமை எழவில்லை. மூன்று வருடம் ஒரு நாளைக்கு ஆறு தடவை அவளைத் திருப்பிப் படுக்க வைத்த கை அவருடையது. அவள் சொல்லட்டும் என்று அவள் முகத்தையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். அவள் அந்தப் பெண்ணைப் பார்த்தாள், பிறகு அவரைப் பார்த்தாள்.

"வெளிய இருங்க" என்றாள்.

அவர் எழுந்து போனார். அந்தப் பெண் கதவைச் சாத்திக்கொண்டாள்.